கோபுரம் படுத்துக்கொள்ளும் கப்பல்

ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள் கோயில் ராஜகோபுரம் 192 அடி. பஸ்ஸில் வரும்போது, ஊர் வருவதற்கு முன்பே கண்ணில் பட்டுவிடும். அதை அலுங்காமல் படுக்க வைத்தால் எம்.எஸ்.சி. ஐரினா என்ற கப்பலின் அகலத்துக்குள் அடங்கிவிடும். அகலம் 61.3 மீட்டர், அதாவது 201 அடி! நீளமோ 400 மீட்டருக்குப் பத்து சென்டிமீட்டர்தான் குறைவு. 2025 ஜூன் 9 அன்று, மேற்குத் தொடர்ச்சி மலைக்கு அந்தப் பக்கம் விழிஞ்ஞம் துறைமுகத்துக்கு வந்து நின்றது. 20 அடி கன்டெய்னர் கணக்கில் 24,346 பெட்டி ஏற்றலாம்.

இவ்வளவு பெரிய கப்பலைக் கட்டுவதில் என்ன சிரமம்? பக்கத்திலேயே சிவகாசி இருக்கிறது, தீப்பெட்டி ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். மூடியோடு முறுக்கினால் விறைப்பாக நிற்கும். உள் தட்டை மட்டும் உருவி, இரு முனையையும் பிடித்து முறுக்குங்கள். துவண்டுவிடும். கன்டெய்னர் கப்பல் அந்த உள் தட்டுதான். கிரேன் பெட்டிகளை மேலிருந்து இறக்க வேண்டுமே, அதனால் மேலே திறந்தே இருக்க வேண்டும். மூடிகள் உண்டு, ஆனால் அவை கழற்றி வைக்கிற மூடிகள், கப்பலுக்கு வலு தராது. அலை சாய்வாக வரும்போது மூக்கு ஒரு பக்கமும் வால் ஒரு பக்கமும் திருகும். அதற்காகத்தான் திறப்பின் விளிம்பில் மட்டும் மிகத் தடித்த எஃகு வைக்கிறார்கள். சில கப்பல்களில் 80 மில்லிமீட்டருக்கும் மேல். குறுக்கே வரிசையாகத் தடுப்புச் சுவர்களும் உண்டு.

முறுக்கு மட்டுமா? நடுவில் அலை தூக்கினால் இரு முனையும் தொங்கும். 2013 ஜூனில் எம்.ஓ.எல். கம்ஃபர்ட் என்ற 316 மீட்டர் கப்பல் அரபிக்கடலில் இரண்டாக முறிந்தது. கட்டி ஐந்தே வருடம். ஊழியர்கள் 26 பேரும் பிழைத்தார்கள். இரண்டு பாதிகளும் தனித்தனியாகச் சில நாள் மிதந்து, பிறகு மூழ்கின.

இதில் ராஜபாளையத்துக்கு என்ன வேலை என்கிறீர்களா? சத்திரப்பட்டி பேண்டேஜ் துணியும் ராஜபாளையம் மில் நூலும் கன்டெய்னரில்தான் வெளிநாடு போகின்றன. லாரியில் தூத்துக்குடி. ஐரினா மாதிரிக் கப்பல் முழுப் பாரத்தோடு வந்தால் 16 மீட்டருக்கு மேல் ஆழம் வேண்டும். தூத்துக்குடியில் 14 மீட்டர் அளவில்தான். ஆகவே நம்ம பெட்டி பல சமயம் சின்னக் கப்பலில் கொழும்பு போய், அங்கே பெரிய கப்பலுக்கு மாறுகிறது. அந்தச் சின்னக் கப்பல் ஒரு நாள் பிந்தினால் பெரியது காத்திருக்காது. அடுத்த கப்பல் வரும்வரை பெட்டி கொழும்பிலேயே கிடக்க வேண்டியதுதான். ஏற்றுமதி செய்பவர்களுக்கு இந்தத் தலைவலி பழகிப்போனது.

மாறும் இடத்தில் எடைதான் பேசும். மேல்தளத்தில் மட்டும் பத்தடுக்குக்கு மேல் அடுக்குகிறார்கள். கனமானது கீழே, லேசானது மேலே. ஒரே அளவுப் பெட்டிதான் என்றாலும் நூல் கனம், பேண்டேஜ் துணி லேசு. அதனால் சத்திரப்பட்டிப் பெட்டி பெரும்பாலும் உச்சியில், அதிகம் ஆடுகிற இடத்தில் பயணம் போகும். கனப் பெட்டியை லேசு என்று எழுதிக்கொடுத்து அது மேலே ஏறிவிட்டால், அடியில் இருக்கும் பெட்டி நசுங்கும், அடுக்கே சரியும். அதனால்தான் 2016 ஜூலை 1 முதல், சரிபார்த்த மொத்த எடை கொடுக்காத பெட்டியைக் கப்பலில் ஏற்றக்கூடாது என்று உலகம் முழுக்க விதி வந்தது. அந்த எடையைக் கொடுக்கும் பொறுப்பு, சரக்கை அனுப்புகிறவருடையது.