கண்ணிவெடி மேல் விட்டுச் செல்லப்பட்ட மூன்றாவது மனிதன்

2002 ஆஸ்கர் விழாவில் ‘லகான்’ தோற்றது நம் எல்லோருக்கும் நினைவிருக்கிறது. அன்று வென்ற படம் எதுவென்று கேட்டால் பலருக்குத் தெரியாது. அது ‘நோ மேன்ஸ் லேண்ட்’. எடுத்தவர் போஸ்னிய இயக்குநர் டானிஸ் தனோவிச். லகானில் கச்ரா என்ற தலித் பாத்திரம் உண்டு. பெயரின் பொருளே குப்பை. நாயகன் மனமிரங்கிப் பேசிய பிறகுதான் அவனுக்கு ஆட்டத்தில் இடம் கிடைக்கும். அந்தப் படத்தை வென்ற தனோவிச், பின்னாளில் தன் நாட்டில் பழைய இரும்பு பொறுக்கிப் பிழைத்த ஒருவரைத் தேடிப் போனார். அதில் நாம் யோசிக்க வேண்டிய விஷயம் இருக்கிறது.

தனோவிச்சைப் போர்தான் இயக்குநராக்கியது. 1992-இல் சராயெவோ முற்றுகையிடப்பட்டபோது அவர் அங்கே சினிமா மாணவர். முற்றுகை 1996 வரை நீடித்தது. போஸ்னிய ராணுவத்தோடு கேமராவைத் தூக்கிக்கொண்டு போர்முனையைப் படம்பிடித்தார். பிறகு பெல்ஜியம் போய்ப் படிப்பை முடித்தார். 2001-இல் வந்த முதல் முழுநீளப் படமே அவரை உலகுக்குக் காட்டியது.

அந்தப் படத்தில் இரு ராணுவங்களுக்கும் நடுவே ஒரு பதுங்குகுழி. அதில் ஒரு போஸ்னியச் சிப்பாயும் ஒரு செர்பியச் சிப்பாயும் மாட்டிக்கொள்கிறார்கள். மூன்றாவதாக ஒருவன் கண்ணிவெடி மேல் படுத்துக் கிடக்கிறான். அசைந்தால் வெடிக்கும். ஐ.நா. படை வருகிறது, பத்திரிகையாளர்கள் வருகிறார்கள். வெடியைச் செயலிழக்க வைக்க முடியாது என்று தெரிந்ததும், அவனைக் காப்பாற்றிவிட்டதாகக் காட்டிக்கொண்டு எல்லோரும் கிளம்பிவிடுகிறார்கள். அவன் மட்டும் அங்கேயே கிடக்கிறான்.

போர் முடிந்த பிறகும் போஸ்னியாவில் அப்படிக் கைவிடப்பட்ட மக்கள் உண்டு. அவர்கள் ரோமா மக்கள். 1995-இல் டேட்டன் ஒப்பந்தம் போரை நிறுத்தியது. அதோடு வந்த அரசியல் சட்டம் நாட்டைப் போஸ்னியாக், செர்பியர், குரோவாசியர் என்ற மூன்று இனங்களுக்குப் பங்கு போட்டது. குடியரசுத் தலைமையிலும் நாடாளுமன்ற மேலவையிலும் இந்த மூவருக்குத்தான் இடம். ரோமாக்களும் யூதர்களும் சட்டத்தின் மொழியில் ‘மற்றவர்கள்’. அந்தப் பதவிகளுக்குப் போட்டியிடவே முடியாது. ரோமாவான டெர்வோ செய்டிச்சும் யூதரான யாகோப் ஃபின்சியும் வழக்குப் போட்டார்கள். இது பாகுபாடு என்று ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் 2009-இல் தீர்ப்பளித்தது. பத்தாண்டுக்கு மேல் கடந்தும் அந்தச் சட்டம் திருத்தப்படவில்லை. தீர்ப்பு காகிதத்தில் கிடப்பது நமக்குப் புதிதல்ல.

தூஸ்லா அருகே ஒரு ரோமா குடியிருப்பில் வாழ்ந்தவர் நசீஃப் முயிச். போரில் போஸ்னிய ராணுவத்தில் சண்டையிட்டவர். போருக்குப் பின் பழைய கார்களை உடைத்து, இரும்பைக் காயலான் கடையில் எடைக்குப் போட்டுக் குடும்பம் நடத்தினார். மனைவி செனாடாவின் வயிற்றிலேயே குழந்தை இறந்துவிட்டது. உடனே சிகிச்சை தேவை. மருத்துவக் காப்பீடு இல்லை, 980 மார்க் கட்டு என்று மருத்துவமனை திருப்பி அனுப்பியது. கடைசியில் உறவுக்காரப் பெண்ணின் காப்பீட்டு அட்டையைக் காட்டித்தான் அவர் உயிர் பிழைத்தார்.

இதைச் செய்தித்தாளில் படித்த தனோவிச் நடிகர்களைத் தேடவில்லை. நசீஃபையும் செனாடாவையும் அவர்கள் வாழ்ந்ததையே மறுபடி வாழ்ந்து காட்டச் சொல்லி, ஒன்பதே நாளில் சிறிய கேமராவில் எடுத்தார். ‘ஓர் இரும்பு பொறுக்குபவரின் வாழ்க்கையில் ஓர் அத்தியாயம்’ என்ற அந்தப் படம் 2013 பெர்லின் விழாவில் நடுவர் குழுவின் பெரும் பரிசை வென்றது. சிறந்த நடிகருக்கான வெள்ளிக்கரடி நசீஃபுக்கு.

ஆஸ்கர் படத்தைவிட இதைத்தான் நான் தனோவிச்சின் பெரிய படமாகக் கருதுகிறேன். இதில் கருணை காட்டும் நாயகன் இல்லை. நசீஃப் யாரிடமும் தன்னைச் சேர்த்துக்கொள்ளும்படி கெஞ்சவில்லை. தன் காரையே வெட்டி விற்கிறார், மருந்து வாங்குகிறார், விறகு பிளக்கிறார். போர்முனையில் பழகிய கேமரா அந்த உழைப்பைக் கண்ணெடுக்காமல் பார்க்கிறது.

ஆனால் கதை அங்கே முடியவில்லை. விருது வாங்கிய பிறகு நசீஃப் குடும்பத்தோடு ஜெர்மனி போய்த் தஞ்சம் கேட்டார். மறுக்கப்பட்டது. எந்த நாட்டின் தலைநகரம் கைதட்டியதோ அந்த நாடே அவரைத் திருப்பி அனுப்பியது. வறுமை தாங்காமல் வெள்ளிக்கரடியை விற்றார். 2018-இல் இறந்தார். வயது 48. தனோவிச்சின் முதல் படத்தின் முடிவு நசீஃபின் வாழ்க்கையில் அப்படியே நடந்தது. வந்தார்கள், படமெடுத்தார்கள், போய்விட்டார்கள்.

இதற்குத் தனோவிச் ஒருவரைக் குற்றவாளியாக்குவது எளிது, அது நியாயமும் ஆகாது. மருத்துவமனைக் கதவை மூடியதும் தஞ்சத்தை மறுத்ததும் அவரல்ல. ஆனாலும் ஒடுக்கப்பட்டவரின் வாழ்க்கையை எடுக்கிற எந்தக் கலைஞரிடமும் நாம் கேட்க வேண்டிய கேள்வி இருக்கிறது. படத்தால் வரும் பெயரிலும் பணத்திலும் அந்த மனிதருக்கு நிரந்தரப் பங்கு என்ன? ஒரு நல்ல படம் நம் துயரத்தை உலகின் கண்ணுக்குக் கொண்டுபோகும், சரி. காப்பீட்டு அட்டையும் தேர்தலில் நிற்கும் உரிமையும் திரையில் கிடைக்காது. அவற்றைச் சட்டத்தில்தான் எழுதி வாங்க வேண்டும்.