பிணை மறுக்கக் கோரும் மனுக்கள்: எமது நிலைப்பாடு

கொலை, போதைப்பொருள் போன்ற பாரிய வழக்கொன்று வந்தால் மன்னார் தீவின் ஓலைத்தொடுவாயிலும் அயல் ஊர்களிலும் 'பிணை கொடுக்கக் கூடாது' என்று மனு சுற்றிவரும். எமது சங்கத்திடமும் கையெழுத்துக் கேட்பார்கள். இனிமேல் அப்படிப்பட்ட மனுக்களில் நாங்கள் கையெழுத்திடப் போவதில்லை.

கோபம் எங்களுக்கும் உண்டு. 2024 பெப்ரவரியில் தலைமன்னாரில் பத்து வயதுப் பிள்ளை கொல்லப்பட்டபோது இந்தத் தீவில் கொதிக்காத வீடு இல்லை. ஆனால் மரண தண்டனையோ ஆயுள் தண்டனையோ விதிக்கக்கூடிய குற்றத்தில் நீதவானுக்குப் பிணை கொடுக்கும் அதிகாரமே கிடையாது. 1997 ஆம் ஆண்டின் 30 ஆம் இலக்கப் பிணைச் சட்டம், 13 ஆம் பிரிவில், அதை மேல் நீதிமன்ற நீதிபதியிடம் விட்டிருக்கிறது. கொலை வழக்குக்காக நீதவான் நீதிமன்ற வாசலில் பதாகை பிடிப்பது, பூட்டிய கதவைப் பூட்டச் சொல்வது.

அதே சட்டத்தின்படி பிணை கொடுப்பதே பொது விதி, மறுப்பது விதிவிலக்கு. மறுப்பதற்கான காரணங்கள் 14 ஆம் பிரிவில் உள்ளன. ஆள் தவணைக்கு வராமல் ஓடுவாரா? சாட்சிகளிலோ சான்றுகளிலோ கைவைப்பாரா? வெளியில் நின்று இன்னொரு குற்றம் செய்வாரா? இவை மூன்றும் ஆதாரத்தோடு பதில் சொல்லக்கூடிய கேள்விகள். அடுத்த காரணம்தான் எங்களை உறுத்துகிறது: குற்றத்தின் பாரதூரமும் அதற்கு மக்கள் காட்டும் எதிர்ப்பும் பொது அமைதியைக் குலைக்குமா என்பது. இதைக் கூட்டத்தின் சத்தத்தால் அளந்தால், சனம் திரட்ட வசதியில்லாத கைம்பெண்ணின் பிள்ளை கொல்லப்படும்போது யார் சத்தம் போடுவது? அமைதி குலையும் என்றால் எங்கே, யாரால் என்று பொலிஸார் நீதிமன்றத்தில் சொல்லட்டும்.

அமைதி குலையும் என்ற பயம் வெறுங்கதை என்று நாங்கள் சொல்லவில்லை. 2025 ஜனவரி 16 அன்று மன்னார் நீதிமன்றத்துக்கு முன்னால், வழக்குக்கு வந்தவர்கள் மீது துப்பாக்கிச் சூடு நடந்து இருவர் இறந்தார்கள். மாட்டுவண்டிச் சவாரித் தகராறில் 2022 இல் சகோதரர் இருவர் கொல்லப்பட்டதிலிருந்து நீண்ட பழிவாங்கல் அது என்று சொல்லப்பட்டது. பழிக்குப் பழி ஓடும் வழக்கில், பிணை கிடைத்தவர் எந்த ஊரில் தங்குவார், தவணைக்கு எந்த வழியால் வருவார், எதிர்த்தரப்பை அணுகாதிருக்க என்ன நிபந்தனை என்பதெல்லாம் கட்டளையில் எழுதப்பட வேண்டும். காசுத் தொகையும் ஆள்பிணையும் மட்டும் எழுதினால் போதாது.

மறியலின் நீளம் இன்னொரு விடயம். பன்னிரண்டு மாதத்துக்கு மேல் ஒருவரை விளக்கமறியலில் வைக்கக் கூடாது என்கிறது 16 ஆம் பிரிவு. சட்டமா அதிபர் கேட்டால் மேல் நீதிமன்றம் ஒருமுறைக்கு மூன்று மாதமாக இன்னும் பன்னிரண்டு மாதம் நீட்டலாம். அது உச்ச எல்லை. அதையே வழமையான காலமாக்குவதை நாங்கள் ஏற்கவில்லை. பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் பிடிபடுபவருக்கு இந்தப் பிணைச் சட்டமே பொருந்தாது என்பது வடக்கில் எவருக்கும் புதிதல்ல.

போதைப்பொருள் வழக்கு எங்கள் கரையோரத்துக்கு இன்னும் நெருக்கமானது. போதைப்பொருள் சட்டத்துக்கான 2022 ஆம் ஆண்டின் 41 ஆம் இலக்கத் திருத்தத்தின்படி, பிடிபட்ட பொருளின் சுத்தமான அளவு 10 கிராமோ அதற்கு மேலோ இருந்து, மரண தண்டனைக்கோ ஆயுள் தண்டனைக்கோ உரிய குற்றமானால், கொழும்பிலுள்ள மேன்முறையீட்டு நீதிமன்றம் மட்டுமே, அதுவும் விசேட சூழ்நிலையில்தான், பிணை தரலாம். பொதியை நிறுக்கத் தராசு போதும். சுத்த அளவைச் சொல்ல அரச இரசாயனப் பகுப்பாய்வாளரின் அறிக்கை வேண்டும். அறிக்கை வரும்வரை எந்த நீதிமன்றத்துக்குப் போவது என்பதே தெளிவில்லை. வள்ளக் கூலியில் வாழும் குடும்பம் கொழும்பில் சட்டத்தரணி பிடிப்பது எப்படி என்பதைச் சட்டம் எழுதியவர்கள் யோசித்ததாகத் தெரியவில்லை. அறிக்கைக்குக் காலக்கெடு வைக்குமாறு கேட்கிறோம்.

மனுவுக்குப் பதிலாக எங்களால் செய்யக்கூடியதைச் செய்வோம். ஆள்பிணைக்கு நிற்பவரை ஊரில் ஒதுக்கிவைக்க இடம் கொடுக்கமாட்டோம். சாட்சியை மிரட்டுவது 2023 ஆம் ஆண்டின் 10 ஆம் இலக்கச் சட்டத்தின்படி தனிக் குற்றம். மிரட்டல் வந்தால் நாளையும் நேரத்தையும் சொன்ன வார்த்தையையும் எழுதி முறைப்பாடு கொடுக்க, சங்கத்திலிருந்து இருவர் பொலிஸ் நிலையம் வரை கூட வருவார்கள். பிணை விண்ணப்பம் விசாரணைக்கு வரும்போது அந்த முறைப்பாட்டின் பிரதி அரச சட்டத்தரணியின் கையில் இருக்கும்படி பார்த்துக்கொள்வோம்.