தொகுத்தவர் பெயர் என்ன?

திரைப்படம் பார்த்துவிட்டு வரும்போது நாம் நடிகரைப் பற்றிப் பேசுகிறோம், பாட்டைப் பற்றிப் பேசுகிறோம், மிஞ்சினால் இயக்குநரைப் பற்றி. 'படத்தொகுப்பு' என்று திரையில் பெயர் வரும் நேரத்தில் பாதிப் பேர் இருக்கை தேடிக்கொண்டிருப்போம். 2000 பிப்ரவரியில் கமல்ஹாசனின் 'ஹே ராம்' வெளிவந்தது. அதைத் தொகுத்தவர் ரேணு சலூஜா என்னும் பெண்மணி என்பது நம் அன்பர்களில் எத்தனை பேருக்குத் தெரியும்?

அவர் 1952இல் பிறந்தவர். புனே திரைப்படக் கல்லூரியில் இயக்குநர் படிப்புக்குத்தான் விண்ணப்பித்தார், கிடைத்தது எடிட்டிங். 1976இல் படிப்பை முடித்து வெளியே வந்தார். 1983இல் குந்தன் ஷாவின் 'ஜானே பி தோ யாரோ', கோவிந்த் நிஹலானியின் 'அர்த் சத்யா' இரண்டும் அவர் கையில் உருவானவை. ஒன்று வயிறு வலிக்கச் சிரிக்க வைப்பது, மற்றது நெஞ்சை அழுத்துவது. 'பரிந்தா', 'தாராவி', 'காட்மதர்' ஆகியவை அவருக்குத் தேசிய விருது பெற்றுத் தந்தன. 'பரிந்தா'வில் புறாக்கள் கூடும் இடத்தில் நண்பன் சுட்டுக் கொல்லப்படும் காட்சியைப் பாருங்கள். துப்பாக்கி, சிறகடிப்பு, முகம், மீண்டும் சிறகடிப்பு. எந்தத் துண்டு எத்தனை நொடி நிற்க வேண்டும் என்ற கணக்கில்தான் அந்தப் பதற்றமே இருக்கிறது.

அன்று இது கணினி வேலை அல்ல. 35 மி.மீ. பிலிமில் ஓர் அடிக்கு 16 பிம்பங்கள், நொடிக்கு 24 ஓடும். நிமிடத்துக்கு 90 அடி. மூன்று மணி நேரப் படம் என்றால் 16,200 அடி. எடுத்துத் தள்ளியது அதைப்போலப் பல மடங்கு. அத்தனையையும் ஓட்டிப் பார்த்து, வெட்டி, டேப் போட்டு ஒட்ட வேண்டும். ரயில்வேயில் காலம் தள்ளியவனுக்கு இது எளிதில் விளங்கும். தண்டவாள இணைப்பு சரியாக இருந்தால் பயணி தூங்கிவிடுவார், போட்டவனை நினைக்க மாட்டார். தடக்கென்று ஆடினால்தான் திட்டுவார்.

பெண்களுக்கு இந்த வேலை ஒத்துவராது என்பாருக்கு வரலாறு வேறு சொல்கிறது. ஊமைப் பட நாட்களில் ஹாலிவுட்டில் வெட்டி ஒட்டியவர்களில் பெண்கள் ஏராளம். தையல் வேலை போன்றதுதானே என்று அவர்களிடம் விட்டுவிட்டார்கள்! தொழிலுக்கு மதிப்பு கூடியபின் ஆண்கள் வந்து அமர்ந்தார்கள். அப்படியும் 1940ஆம் ஆண்டுப் படத்துக்கு ஆன் பாச்சன்ஸ் ஆஸ்கார் வாங்கினார். 'தி லாஸ்ட் எம்பரர்' படத்துக்காக 1988இல் இத்தாலியின் கேப்ரியெல்லா கிறிஸ்தியானி வாங்கினார்.

நம் பக்கத்திலும் ஆள் இல்லாமல் இல்லை. புனேயில் பயின்ற பீனா பால், ஜான் ஆபிரகாமின் 'அம்ம அறியான்' படத்தைத் தொகுத்தவர். நம் ரேவதி இயக்கிய 'மித்ர், மை ஃப்ரெண்ட்' படத்துக்காகத் தேசிய விருதும் பெற்றார். அந்தப் படத்தின் ஒளிப்பதிவும் ஒரு பெண்தான், ஃபௌசியா பாத்திமா. ஆனாலும் தமிழ்த் தொகுப்பாளர் என்றதும் லெனின், ஸ்ரீகர் பிரசாத், ஆண்டனி என்றே நாவில் வருகிறது. அவர்கள் திறமையில் எனக்குச் சந்தேகம் ஏதுமில்லை. பெண் பிள்ளை எடிட்டிங் படிக்கிறேன் என்றால் 'ராத்திரியெல்லாம் ஸ்டுடியோவிலா?' என்று கேட்கும் நம் வீட்டுப் பெரியவர்களிடம்தான் எனக்கு வழக்கு. அதே பெண் ஓசூர் ரோட்டுக் கம்பெனியில் இரவு ஷிப்ட் போனால் பெருமையாகச் சொல்லிக்கொள்கிறோமே!

'ஹே ராம்' வெளியான ஆறாம் மாதம், 2000 ஆகஸ்ட் 16 அன்று, ரேணு சலூஜா புற்றுநோயால் காலமானார். வயது 48. கிழவர் சாகேத் ராம் படுத்திருக்கும் கறுப்பு வெள்ளைக் காட்சிகளிலிருந்து 1946 கல்கத்தாக் கலவரத்தின் வண்ணத்துக்குக் கதை போய்த் திரும்பும் இடங்களை மறுமுறை பார்ப்பவர்கள் கவனிக்கலாம்.

நம் சங்கத்தில் படம் திரையிடும்போது நாயகன், இயக்குநர், இசையமைப்பாளர் பெயர்களை மட்டுமே அறிவிப்புத் தாளில் அச்சிடுகிறோம். அடுத்த முறை தொகுத்தவர், ஒளிப்பதிவாளர் பெயர்களையும் சேர்க்கும்படி செயற்குழுவைக் கேட்டுக்கொள்கிறேன். இரண்டு வரிதான் கூடும். முதல் படமாக 'ஹே ராம்' போட்டால் மிக்க மகிழ்ச்சி. படம் நீளம், ஆகவே மாலை ஐந்து மணிக்கே தொடங்கிவிட வேண்டும்.