சோகப் பாட்டு கேசட்டை எடைக்குப் போடாதீங்க

'நக்கெட்ஸ்' ஆல்பத்தைப் பத்தி உருகி உருகி எழுதுற மக்களே, ஒரு கேள்வி. அறுபதுகள்ல கார் ஷெட்டுல கிடார் வாசிச்சுப் பழகின அமெரிக்கப் பசங்களோட கராஜ் ராக் பாட்டு 27-ஐப் பொறுக்கி 1972ல லென்னி கே போட்ட தொகுப்பு அது. தொகுத்தவர் பேரு நமக்கு மனப்பாடம். சந்தோஷம்.

நம்ம மதுரையில, ரெக்கார்டிங் சென்டர்ல உக்காந்து, நம்மூர்க்காரர் டி.எம்.எஸ். பாடின சோகப் பாட்டா அறுபது நிமிஷ கேசட்டுல அடுக்கித் தந்தாரே ஒருத்தர், அவர் பேரு யாருக்காவது தெரியுமா? எந்தப் பாட்டுக்கு அடுத்து எது வந்தா தொண்டை அடைக்கும்னு தெரிஞ்ச மனுஷன். அது மட்டும் மொக்கையா?

"அது சினிமாப் பாட்டு, இது ராக்"னு ஆரம்பிக்காதீங்க. நம்ம நாட்டு ராக் பசங்க குரல் 1970, 71ல 'சிம்லா பீட்' இசைத்தட்டா வந்ததே, ஒரு சிகரெட் விளம்பரத்துக்காகப் போட்டி நடத்தினதாலதான். சிகரெட்காரனுக்கு இருந்த அக்கறைகூட நமக்கு இல்லையே!

எங்கப்பா போனப்புறம் அவர் கேசட் பெட்டியை எடைக்குப் போட்டவன் நான். பாட்டெல்லாம் இன்னைக்கு இணையத்துல கிடைக்குது. அந்த வரிசைதான் கிடைக்கலை. உங்க வீட்டுப் பரண்ல இருந்தா இறக்குங்க. வரிசையையாவது எழுதி வைங்க.