கடல் தீர்ந்த பிறகு

பாடகர்களுக்கு இரண்டாவது இசைத்தட்டு ஒரு கண்டம் என்று சொல்வார்கள். அதிலும் அந்தப் பாடகர்கள் புருஷனும் மனைவியுமாக இருந்து, தாங்கள் இருவரும் போய் வந்த உல்லாசப் பிரயாணத்தை முதல் தட்டிலேயே பாடித் தீர்த்துவிட்டால், அப்புறம் பாடுவதற்கு என்ன மிச்சம் இருக்கும்?

அமெரிக்காவில் டென்வர் நகரத்து அலைனா மூர், பாட்ரிக் ரைலி தம்பதிக்கு வந்த சங்கடம் இதுதான். டென்வருக்குப் பக்கத்தில் மலை உண்டு, கடல் கிடையாது. கல்லூரித் தத்துவ வகுப்பில் சந்தித்துக்கொண்ட இந்த இருவரும், சேமித்த பணத்தைப் போட்டு ஒரு பாய்மரப் படகு வாங்கி, அட்லாண்டிக் கரையோரமாக மாதக் கணக்கில் சுற்றினார்கள். (தத்துவம் படித்தால் சந்நியாசம்தான் என்பதில்லை, பாருங்கள்!) ஊர் திரும்பியதும் அந்தப் பிரயாணத்தைப் பாட்டாகக் கட்டினார்கள். கணவர் கிதார், மனைவி பாட்டும் பியானோவும். ‘டென்னிஸ்’ என்று தங்களுக்குப் பெயர் சூட்டிக்கொண்டார்கள். 2011-ல் வெளிவந்த முதல் தட்டுக்குப் படகின் ரகமான ‘கேப் டோரி’ என்பதே பெயர். ‘பால்டிமோர்’, ‘பிமினி பே’ என்று பாட்டுகளுக்கும் ஊர்ப் பெயர்கள்!

பத்திரிகைக்காரர்களுக்குக் கேட்க வேண்டுமா? பாட்டைவிடப் படகைப் பற்றியே அதிகம் எழுதினார்கள். இப்படி ஒரு கதை வந்து ஒட்டிக்கொண்டால், பாடுகிறவளின் குரலைக் கேட்க யாருக்குப் பொழுது இருக்கிறது?

இரண்டாவது தட்டான ‘யங் அண்ட் ஓல்ட்’, 2012 பிப்ரவரி 14-ந் தேதி, காதலர் தினத்தன்று வெளியாயிற்று. தேதியை நம்பிக் கொஞ்சல் பாட்டுகளை எதிர்பார்த்தவர்கள் ஏமாந்திருப்பார்கள். ஐரிஷ் கவி யேட்ஸ், ஒரு பெண்ணே பேசுவதாக, அவள் இளமை முதல் முதுமை வரை எழுதிய கவிதை வரிசை ஒன்று உண்டு. அதன் பெயரிலிருந்து எடுத்த தலைப்பு இது. தட்டிலும் ஒரு பெண் தன்னைத்தானே விசாரித்துக்கொள்கிறாள். ‘ஆரிஜின்ஸ்’ என்றால் பூர்வீகம். ‘மை பெட்டர் செல்ஃப்’ என்றால் என்னுள் இருக்கும் மேலானவள். தலைப்புகளே விஷயத்தைச் சொல்லிவிடுகின்றன அல்லவா? போன வருஷம் வரையில் ‘நாங்கள், நாங்கள்’ என்று பாடிக்கொண்டிருந்த மனைவி, இப்போது ‘நான்’ என்று ஆரம்பிக்கிறாள். பக்கத்தில் கிதார் வாசிப்பவரோ அதே கணவர்! அவர் முகம் சுளித்ததாகத் தெரியவில்லை. வாசிப்பில் உற்சாகம்தான் தெரிகிறது. இந்தத் தட்டில் எனக்கு மிகவும் பிடித்த அம்சம் இதுவே.

ஒலிப்பதிவிலும் பெரிய மாறுதல். முதல் தட்டில் அலைனாவின் குரல், கிணற்றுக்குள்ளிருந்து கூப்பிடுவது போல எதிரொலியில் முங்கிக் கிடந்தது. இந்தத் தடவை தயாரிப்புப் பொறுப்பை ஏற்றவர் ‘பிளாக் கீஸ்’ கோஷ்டியில் டிரம் வாசிக்கும் பாட்ரிக் கார்னி. டிரம் வாசிப்பவர் மேற்பார்வை பார்த்தால் டிரம் சும்மா இருக்குமா? கும்மென்று முழங்குகிறது. அதற்கு ஈடு கொடுத்துக் குரலும் எழும்பி நிற்கிறது. இத்தனை சாரீரத்தை ஏன் அம்மா இத்தனை நாள் ஒளித்து வைத்திருந்தாய் என்று கேட்கத் தோன்றுகிறது.

குறை இல்லாமல் இல்லை. எல்லாம் 1960-ஐ ஒட்டிய பழைய பாணி மெட்டுகள். பத்துப் பாட்டும் சேர்ந்து அரை மணிக்குச் சற்றுக் கூடுதல்தான். அதற்குள்ளாகவே இரண்டு மூன்று பாட்டுகள் அக்கா தங்கை போல ஒரே ஜாடையாக இருக்கின்றன.

கண்டம் தாண்டிவிட்டது. 2017-ல் தங்கள் தட்டைத் தாங்களே வெளியிடச் சொந்தக் கம்பெனி வைத்துக்கொண்டார்கள். அந்தத் தட்டுக்காக மறுபடியும் படகேறிப் போய்ப் பாட்டு எழுதியதும் உண்டு! 2025-ல் ஏழாவது தட்டை வெளியிட்டு, ‘டென்னிஸ்’ என்ற பெயரில் இதுவே கடைசி என்று அறிவித்தார்கள். ஏழையும் கேட்க அவகாசம் இல்லாதவர்கள் ‘கேப் டோரி’யை முதலில் போட்டு, அது முடிந்த கையோடு ‘ஆரிஜின்ஸ்’ பாட்டைக் கேளுங்கள். பாடுவது ஒரே பெண்தானா என்று சந்தேகம் வரும்.