கத்தரிக்கோல் வைக்கும் முன்



எங்கள் கல்முனைப் பக்கத்தில் கலியாணப் பேச்சு முற்றானதும் அடுத்து எழுவது உடுப்புப் பேச்சுத்தான். முன்பு கூறைச்சாரியோடு காரியம் முடிந்தது. சட்டையை மட்டும் அளவுக்குத் தைத்தால் போதும். இப்போதோ கல்லும் முத்தும் பதித்த கவுனும் லெஹங்காவும் கொழும்பிலிருந்தோ, வளைகுடாவில் உழைக்கும் சகோதரனின் பெட்டியிலோ வந்து சேருகின்றன. மணமகள் ஒரு தடவைகூடப் போட்டுப் பாராத உடுப்பு. தோளில் தொங்கும், இடுப்பில் இறுகும், சிலவற்றுக்குக் கையே இருக்காது. ஒருவர் மாதக்கணக்கில் வியர்வை சிந்திய பணம் அது. தப்பாக ஒரு வெட்டு விழுந்தால் இன்னொன்று வாங்க யாரால் முடியும்?

என் ராத்தாவின் மகளுக்கு இப்படியொரு கவுன் வந்தபோது தையல்காரரைத் தேடி நானும் அலைந்தேன். ஒரு கடையில் உடுப்பை வெளியே மட்டும் பார்த்துவிட்டு, "வெச்சிட்டுப் போங்க, ரெண்டு நாளையில தாறம்" என்றார்கள். எடுத்துக்கொண்டு திரும்பிவிட்டோம். பிறகு சாய்ந்தமருதில் வீட்டிலிருந்து தைக்கும் ஒரு பெண்ணிடம் போனோம். அவர் முதலில் உடுப்பை உட்புறமாகத் திருப்பினார். பிறகு, "மகள், கலியாணத்தன்று போடப்போற செருப்பு எங்க? அதையும் போட்டாத்தான் உயரம் பார்க்கலாம்" என்றார். சரியான ஆள் கிடைத்துவிட்டார் என்று அப்போதே என் மனம் சொல்லியது.

நல்ல கை எது என்று அறிய, கேட்க வேண்டிய கேள்விகள் சில உள்ளன.

உள்ளே எவ்வளவு துணி விட்டுத் தைத்திருக்கிறது? ஒடுக்குவது இலகு, அகலமாக்க உள்ளே துணி வேண்டும். அது இல்லாவிட்டால் அக்குளின் கீழ் ஒரு துண்டு சேர்க்கலாம். அல்லது முதுகில் ஸிப்பைக் கழற்றி நாடா கோர்க்கலாம். ஆனால் சாட்டின் துணியில் தையலைப் பிரித்தால் ஊசித் துளை அப்படியே தெரியும் என்பதை முன்கூட்டியே சொல்பவரே நம்பத்தக்கவர்.

கல் வேலையை என்ன செய்வார்? தையல் போகும் இடத்திலுள்ள கற்களைக் கையால் கழற்றி, தைத்தபின் மீண்டும் கட்ட வேண்டும். கல்லின் மேல் மெஷினை ஓட்டினால் ஊசி முறியும், துணியும் கிழியும்.

நீளத்தை எங்கே குறைப்பார்? அடியில் வேலைப்பாட்டுக் கரை இருந்தால் அங்கே வெட்டக் கூடாது. இடுப்பில் பிரித்து மேலே ஏற்ற வேண்டும்.

வெட்டுமுன் கையால் நூலோட்டிப் போட்டுக் காட்டுவாரா? ஆண் தையல்காரரிடம் அளவு கொடுக்கக் கூச்சப்பட்டுப் பழைய சட்டையை அனுப்புவது எங்கள் வழக்கம். உடம்போடு ஒட்டி நிற்கும் கவுனுக்கு அது போதாது. பெண்ணொருவர் வீட்டில் வைத்து இரண்டு தடவையாவது போட்டுப் பார்ப்பதே நல்லது.

ஆடைத் தொழிற்சாலையில் பல வருடம் வேலை செய்தவர் என்பதும் மட்டும் போதாது. அங்கே ஒருவர் கையை மாத்திரம், இன்னொருவர் கழுத்தை மாத்திரம் தைப்பார். முழு உடுப்பையும் பிரித்துச் சேர்க்கத் தெரிந்தவரா என்று பாருங்கள்.

கையில்லாத உடுப்புக்குக் கை வைத்தால் அதன் மதிப்புக் குறையும் என்று கவலைப்படும் பிள்ளைகளுக்கு ஒன்று சொல்கிறேன். 2020 ஜூலை 17ஆம் திகதி இங்கிலாந்து இளவரசி பீட்ரிஸ் விண்ட்சரில் மணமுடித்தபோது அணிந்தது புது உடுப்பல்ல. நார்மன் ஹார்ட்னெல் வடிவமைக்க, அவரது பாட்டியார் எலிசபெத் மகாராணி 1962இல் ஒரு திரைப்பட விழாவுக்கு அணிந்த பழைய கவுன். ஏஞ்சலா கெல்லியும் ஸ்டுவர்ட் பார்வினும் அதை அவர் அளவுக்குத் திருத்தி, ஓர்கன்சாத் துணியில் குட்டைக் கை சேர்த்தார்கள். அரச மாளிகையிலேயே திருத்திப் போடும்போது நமக்கென்ன குறை?

இனிக் கூலி விடயம். 2004 டிசம்பர் 26ஆம் திகதி கடல் எங்கள் கரையை அழித்துச் சென்றபின், நிவாரணமாகக் கிடைத்த தையல் மெஷினை வைத்தே குடும்பத்தைத் தூக்கி நிறுத்திய பெண்கள் நம்மிடையே இருக்கிறார்கள். 2022ஆம் ஆண்டு நெருக்கடியில் நூலும் துணியும் விலை ஏற, மின்வெட்டில் இரவிரவாகக் கையால் தைத்தவர்களும் உண்டு. உடுப்புக்கு இலட்சக்கணக்கில் கொடுக்கும் நாம் அவர்களிடம், "சும்மா பிடிச்சுத் தாறதுதானே" என்று பேரம் பேசுகிறோம். திருத்துவது புதிதாகத் தைப்பதைவிடக் கடினம். பிரிப்பது ஒரு வேலை, வெட்டுவது ஒரு வேலை, தைத்தது தெரியாமல் சேர்ப்பது இன்னொரு வேலை. ராத்தாவின் மகளின் கவுனுக்கு முழுதாக ஐந்து நாள் சென்றது. அவர் கேட்ட கூலியில் ஒரு ரூபாயும் குறைக்க எங்களுக்கு மனம் வரவில்லை.

ஆகவே சகோதரிகளே, கலியாணத்துக்கு ஒரு மாதமாவது இருக்கும்போதே உடுப்பைக் கொண்டு போங்கள். என்ன வேலை, எவ்வளவு கூலி, எந்த நாள் என்பதை ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். வெட்டிய துண்டுகளையும் உதிர்ந்த கற்களையும் கேட்டு வாங்கிப் பத்திரப்படுத்துங்கள். நாளை அந்த உடுப்பை இன்னொரு மணமகளுக்குக் கொடுக்கும்போது அவை நிச்சயம் உதவும்.