வெட்டவெளிக்கு வந்த கமரா

சிங்களத் திரைப்படத்தின் ஆதிக் கதையைச் சொல்லப் புகுவோர் மதுரையிலேயே தொடங்க வேண்டியவராகின்றனர். 1947ஆம் ஆண்டு ஜனவரியில் வெளியான முதற் சிங்களப் பேசும்படமாகிய 'கடவுனு பொரொந்துவ' அந்நகரிலே எடுக்கப்பட்டது. தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்னுந் தமிழர். நெறிப்படுத்தியவர் ஜோதிஷ் சிங்ஹா என்னும் வங்காளி. பின்னர் வந்த படங்களும் பெரும்பாலும் தென்னிந்திய அச்சிலே வார்க்கப்பட்டவையே. பேச்சு மாத்திரம் சிங்களம். ஏனையவெல்லாம் நமக்கு நன்கு பழகியவை.

அவ்வச்சை உடைத்தவர் 1919இற் பிறந்த லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ். ஆங்கிலமே வீட்டுமொழியாக வழங்கிய கத்தோலிக்கக் குடும்பத்தில் வளர்ந்தவர் அவர். சிங்களக் கிராமத்தைத் திரைக்குக் கொணர இத்தகைய ஒருவரே வரவேண்டியிருந்தமை நமக்கு இன்றும் வியப்பே. பத்திரிகையாளராகத் தொழில் தொடங்கி, இலண்டனிற் சில ஆண்டுகள் தங்கிக் குறும்படங்கள் எடுத்துப் பயின்று, நாடு திரும்பி அரசாங்கத் திரைப்படப் பிரிவில் அமர்ந்தார். 1955இல் அவரும், ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக்கும், படத்தொகுப்பாளர் டைட்டஸும் அப்பதவிகளைத் துறந்து வெளியேறினர். அரசாங்க உத்தியோகத்தை உதறுதல் அக்காலத்தில் (எக்காலத்திலுந்தான்!) வீட்டார் எளிதிற் பொறுக்குங் காரியமன்று.

அத்துணிவின் பலனே 1956 டிசம்பரில் வெளிவந்த 'ரேகாவ'. ஸ்ரூடியோத் திரைச்சீலைகளை விட்டுக் கமரா வெட்டவெளிக்கு வந்தது. பொய்க்கால் நடையாட்டக்காரன் ஒருவன் கிராமத்துச் சிறுவனின் கைரேகை பார்த்து, அவன் நோய் தீர்ப்பவனாவான் எனச் சொல்ல, அச்சொல் ஊரையே ஆட்டிவைக்குங் கதை அது. 1957இற் கான் திரைப்பட விழாவிலே காட்டப்பட்டது. ஆயினும் உள்ளூரில் வசூல் கிட்டவில்லை. நம் சனங்கள் அன்று படம் பார்க்கச் சென்றது, தம் ஊரைக் காண்பதற்கன்று, ஊரை மறப்பதற்கு.

அடுத்த படமான 'சந்தேசய'வை 1960இல் கே. குணரத்தினம் என்னுந் தமிழர் தயாரித்தார். அது நன்றாக ஓடியது. 1963இல் மார்ட்டின் விக்கிரமசிங்கவின் நாவலாகிய 'கம்பெரலிய'வைப் படமாக்கியபோது பீரிஸ் சமரசம் எதுவுஞ் செய்தாரல்லர். சண்டையில்லை, ஆட்டமில்லை, நலிந்துவரும் பழைய வளவுக் குடும்பமொன்றின் மௌனங்களே அதன் உயிர். 1965இல் டில்லி சர்வதேச விழா தங்க மயிலை அதற்கு அளித்தது. படத்தைத் தொகுத்தவர் அவர்தம் மனைவியார் சுமித்திரா; பின்னர் அவரும் நெறியாளராகப் பெயர் பெற்றார்.

பரிசுகளைப் பற்றி எழுதுவது எளிது. படச்சுருள்களின் கதியை எழுதுவதே கடினம். 1983 யூலைக் கலவரத்தில், குணரத்தினத்தின் ஹெந்தலை விஜயா ஸ்ரூடியோ எரியூட்டப்பட்டது. தமிழர் உடைமையென்று வைத்த தீயிலே சிங்களப் படச்சுருள்களுஞ் சாம்பராயின. எரியாதவற்றை நம் நாட்டு வெக்கையும் ஈரமும் பார்த்துக்கொண்டன. 1972இல் வெளியாகி, 1997இல் ஐம்பதாண்டுச் சிங்களப் படங்களுள் தலைசிறந்ததெனத் தெரிவுசெய்யப்பட்ட 'நிதானய'வின் மூலச்சுருளே பேணுவாரின்றி அழிந்தது. எஞ்சிய பிரதிகளைக் கொண்டு இத்தாலியின் பொலோஞா நகரில் அதனைச் செப்பனிட்டு, 2013இல் வெனிஸ் விழாவிலே திரையிட்டனர். அப்போது பீரிஸுக்கு வயது தொண்ணூற்று நான்கு. 2018 ஏப்ரலில் அவர் கொழும்பிற் காலமானார்.